இல்லினாய் ஆற்றுப் பள்ளத்தாக்கின் மண்ணிலிருந்து ஆதி உணவை அரித்தெடுப்பது எப்படி?

சக்கரவர்த்திக் கீரையின் விதை ஒன்றரை மில்லிமீட்டர் குறுக்களவைத் தாண்டாது. அமெரிக்க அகழாய்வுகளில் வழக்கமாக மண் சலிக்கும் கால் அங்குலச் சல்லடையின் கண் 6.35 மி.மீ. இந்த இரண்டு எண்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும். வட அமெரிக்காவின் ஆதி மக்கள் வெறும் மான் வேட்டைக்காரர்கள் என்ற எண்ணம் ஏன் அவ்வளவு காலம் நிலைத்தது என்பது விளங்கிவிடும். மான் எலும்பு சல்லடையில் நின்றது. விதை கீழே கொட்டிய மண்ணோடு போய்விட்டது.

போன விதையைத் திரும்பப் பெறும் முறையைப் பெரிய அளவில் செய்து காட்டியவர் தொல்லியலாளர் ஸ்டூவர்ட் ஸ்ட்ரூவர். இடம், இல்லினாய் ஆறு மிசிசிப்பியில் கலப்பதற்கு முன் ஓடும் கீழ்ப் பள்ளத்தாக்கு. காலம், 1960கள். தாவரவியலாளர் ஹியூ கட்லரிடமிருந்து வந்த யோசனை அது. அடிப்பகுதியை வெட்டி எடுத்து வலை பொருத்திய தொட்டிகளை நீரில் அமிழ்த்தி, தோண்டிய மண்ணை அதில் கரைத்தார்கள். கரிந்த விதைகள் மேலே மிதந்தன. 1968-ல் அந்த முறையை எழுதி வெளியிட்டார். வீட்டில் அரிசி அரித்துக் கல் நீக்குகிறோமே, அடிப்படையில் அதே வேலைதான்: கனமானது அடியில் தங்கும், இலேசானது நீரோடு வரும். இங்கே நமக்கு இரண்டுமே வேண்டும் என்பது மட்டும் வேறுபாடு.

அப்படி அரித்துக் கிடைத்தவற்றிலிருந்துதான் சூரியகாந்தி, மார்ஷ் எல்டர் என்னும் எண்ணெய் வித்துச் செடி, ஒரு வகைச் சிறு பூசணி, சக்கரவர்த்திக் கீரையின் அமெரிக்க உறவினம் ஆகிய நான்கையும் கிழக்கு வட அமெரிக்க மக்கள் தாங்களே பயிராக்கினார்கள் என்பது தெரியவந்தது. மக்காச்சோளம் அங்கே பெரும்பயிராவதற்கு ஆயிரக்கணக்கான ஆண்டுகளுக்கு முன் நடந்தது இது. உலகில் வேளாண்மை தானாகவே பிறந்த சில இடங்களில் இதுவும் ஒன்று. கீழே வருவது, இந்தப் பள்ளத்தாக்கில் களப்பணிக்குப் போகிறவர் மண்ணிலிருந்து விதைவரை செய்ய வேண்டிய வேலை.

மண்வெட்டியைத் தொடும் முன்

கூட்டரசு நிலமென்றால் 1979-ஆம் ஆண்டுத் தொல்லியல் வளப் பாதுகாப்புச் சட்டப்படி அனுமதிச் சீட்டு வேண்டும். தனியார் நிலமென்றால் உரிமையாளரின் எழுத்துபூர்வ இசைவு வேண்டும். எடுத்த பொருள் யாரிடம் இருக்கும் என்பதும் அதே தாளில் எழுதப்பட வேண்டும். இதைப் பின்னால் பேசிக்கொள்ளலாம் என்று விட்டால் சேகரம் பல கைகளுக்குப் பிரிந்துபோகும்.

மனித எலும்பு தென்பட்டால் வேலை அந்த நொடியே நிற்க வேண்டும். இல்லினாயில் 1989 முதல் தனியார் நிலத்திலுள்ள பழைய, அடையாளமற்ற புதைகுழிகளுக்கும் சட்டப் பாதுகாப்பு உண்டு. எலும்பைத் துடைக்காமல், படத்துக்காக நகர்த்தாமல், மண்ணால் மூடிவிட்டு மாவட்ட மரண விசாரணை அதிகாரிக்குத் தெரிவியுங்கள். 1990-ஆம் ஆண்டுக் கூட்டரசுச் சட்டம் முன்னோர் எலும்புகளை வழிவந்த பழங்குடியினரிடம் திருப்பித் தரச் சொல்கிறது. 2024 ஜனவரியில் நடைமுறைக்கு வந்த விதிகள் இன்னும் ஒரு படி மேலே போய், ஆய்வுக்கும் காட்சிக்கும் முன் அவர்களது ஒப்புதலைக் கேட்கின்றன. இந்தப் பள்ளத்தாக்கின் பூர்வகுடிகளான இல்லினாய் கூட்டமைப்பினரின் வழிவந்த பியோரியா மக்கள் இன்று ஓக்லஹோமாவில் இருக்கிறார்கள். தாங்களாக விரும்பிப் போனவர்கள் அல்லர், விரட்டப்பட்டவர்கள். அவர்களோடு பேசுவதை அகழாய்வுத் திட்டத்தின் முதல் பக்கத்தில் வையுங்கள்.

பள்ளத்தாக்கில் எந்த இடம்?

நிலத்தின் மேல் நடந்து தேடினால் பெரும்பாலும் பிற்கால ஊர்கள்தான் தட்டுப்படும். ஆறு வெள்ளத்துக்கு வெள்ளம் வண்டலைப் போட்டு மூடிக்கொண்டே வந்திருக்கிறது. பழையது ஆழத்தில் இருக்கும், அல்லது ஆறு இடம் மாறும்போது அறுத்துக்கொண்டு போயிருக்கும். ஆகவே உழுத வயலில் பழைய கருவி கிடைக்கவில்லை என்பதை வைத்து 'அந்தக் காலத்தில் ஆட்கள் இல்லை' என்று எழுதக் கூடாது. அந்த வெறுமை மண்ணின் வரலாறாகவும் இருக்கலாம்.

தேட வேண்டிய இடம் குன்றடி. இந்தப் பள்ளத்தாக்கின் இருபுறமும் சுண்ணாம்புப் பாறைச் செங்குத்துகள் நிற்கின்றன. அவற்றின் தலையில், பனியூழிக் காலத்தில் காற்று கொண்டுவந்து கொட்டிய மென்மையான பழுப்பு வண்டல் தடித்துக் கிடக்கிறது. மழைக்கு அது கழுவப்பட்டுக் குன்றடிக்கு வந்து, அங்கே இருந்த குடியிருப்புகளை மூடியது. கிரீன் மாவட்டத்தில் 1969 முதல் 1978 வரை தோண்டப்பட்ட கோஸ்டர் களம் இப்படி அமைந்தது. ஏறத்தாழ 9 மீட்டர் ஆழத்துக்குக் குடியிருப்பின் மேல் குடியிருப்பு. நடுநடுவே மனிதச் சுவடே இல்லாத வெற்று மண். அந்த வெற்று மண்தான் கோஸ்டரின் பெரிய கொடை. ஒரு காலத்தின் குப்பை இன்னொரு காலத்தோடு கலக்காமல் அது பாதுகாத்துவந்திருக்கிறது.

இடத்தைத் தேர்ந்ததும் 10 செ.மீ. வாயுள்ள கைத்துரப்பணத்தால் 10 முதல் 20 மீட்டருக்கு ஒன்றாகத் துளை போடுங்கள். 20 செ.மீ.க்கு ஒருமுறை வரும் மண்ணைப் பிளாஸ்டிக் விரிப்பில் வரிசையாகக் கொட்டி, ஈரமாக இருக்கும்போதே, மண் நிறத்தை எண்ணால் குறிக்கும் மன்செல் வண்ண அட்டையோடு ஒப்பிட்டு எழுதுங்கள். காய்ந்தால் நிறம் இரண்டு படி வெளுக்கும். ஒருவர் ஈரத்தில் எழுதியதும் இன்னொருவர் காய்ந்தபின் எழுதியதும் பொருந்தாது. வெளிர்பழுப்புக்குக் கீழே மறுபடி கருத்த மண் வந்தால் அது புதைந்துபோன பழைய தரைமட்டமாக இருக்கலாம். ஆட்கள் நடமாடிய தரை அப்படித்தான் தென்படும்.

இங்கே அடிக்கடி ஏமாற்றுவது மாங்கனீசு. நீர் தேங்கிய மண்ணில் கடுகளவு கரும்புள்ளிகளாக உறைந்து கரித்துகள் போலவே தெரியும். ஊசிமுனையால் அழுத்திப் பாருங்கள். கரியானால் பளபளப்பான கோடுகளோடு விண்டு உடையும். மாங்கனீசு பழுப்புப் பொடியாகத் தேயும்.

குழியும் அதன் சுவரும்

காற்று வண்டல் செங்குத்தாக வெட்டினாலும் சுவர் போல நிற்கும். பார்க்க உறுதியாகத் தெரியும். ஒரு மழை, அல்லது கரையில் குவித்த மண்ணின் பாரம் போதும், முன்னறிவிப்பே இல்லாமல் பாளமாகச் சரிந்துவிடும். அமெரிக்கப் பணியிடப் பாதுகாப்பு விதிகளின்படி 5 அடி அல்லது அதற்கு மேல் ஆழமான குழிக்குச் சாய்வோ, படிக்கட்டு வெட்டோ, முட்டுப் பலகையோ கட்டாயம். 4 அடியிலிருந்தே ஏணி இருக்க வேண்டும். தோண்டிய மண்ணை விளிம்பிலிருந்து குறைந்தது 2 அடி தள்ளிக் கொட்ட வேண்டும். 9 மீட்டருக்கு இறங்க வேண்டுமென்றால் மேலே எவ்வளவு அகலத்துக்குத் திறக்க வேண்டும் என்று முதலிலேயே கணக்குப் போடுங்கள். சிறிய வாயோடு தொடங்கினால் பழைய அடுக்கை எட்டும்போது ஒரு பாய் விரிக்கும் இடம்தான் மிஞ்சும்.

மாதிரி எடுத்தல்

ஒரு மீட்டர் சதுரத்தில் 10 செ.மீ. ஆழம் தோண்டினால் 100 லிட்டர் மண். அத்தனையையும் அரிக்க முடியாது, தேவையும் இல்லை. ஒவ்வொரு சதுரத்திலும் ஒவ்வொரு படியிலும் 10 லிட்டர் போதும். அதுவே பன்னிரண்டு, பதினான்கு கிலோ இருக்கும். அடுப்பு, சேமிப்புக்குழி, சாம்பல் படலம் போன்றவை வேறு கதை. அவற்றுள் சிறியதை முழுதாகவே எடுத்துவிடுங்கள். பெரிய குழியை நடுவே பிளந்து ஒரு பாதியை முதலில் எடுத்தால் மறுபாதியின் முகத்தில் உள்ளடுக்குகள் தெரியும். பிறகு அடுக்குக்கு அடுக்கு தனித்தனியாக 10 லிட்டர்.

லிட்டர் கணக்கை அளவுக்கோடு போட்ட வாளியில், மண்ணை அமுக்காமல் கொட்டி எழுதுங்கள். இதை எழுதாமல் விட்ட மாதிரி பாதி பயன் இழந்த மாதிரி. பின்னால் ஒப்பிடப் போவது 'எத்தனை விதை' என்பதை அல்ல, 'லிட்டருக்கு எத்தனை விதை' என்பதை. 40 விதை கிடைத்தது என்றால் அது 2 லிட்டரிலா 20 லிட்டரிலா என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

ஒவ்வொரு பைக்கும் இரண்டு சீட்டு: ஒன்று உள்ளே, ஒன்று வெளியே. கிழியாத செயற்கைத் தாளில் பென்சிலால் எழுதுங்கள். பேனா மை அரிக்கும்போது கரைந்தோடும். களத்தின் எண், சதுரம், ஆழம், சூழல் (அடுப்பா, குழியா, எந்த அடுக்கு என்பது), லிட்டர், தேதி, எடுத்தவர் ஆகிய ஏழும் இருக்கட்டும். அமெரிக்கக் கள எண்ணில் முதலில் வருவது மாநிலம், பிறகு மாவட்டம், கடைசியில் அந்த மாவட்டத்தில் பதிவான வரிசை. முதலில் 11 என்றிருந்தால் இல்லினாய்.

எலி, பெருச்சாளி வகைகளின் வளை குறுக்கே போன மண்ணை மாதிரியில் சேர்க்காதீர்கள். குழிமுகத்தில் வட்டமாக, மென்மையாக, வேறு நிறத்தில் தெரியும் திட்டு அதுதான். அதை முதலில் கரண்டியால் சுரண்டி வெளியே போட்டுவிட்டுச் சுற்றியுள்ள மண்ணை எடுங்கள்.

அரித்தல்

குறைந்த செலவில் இரண்டு 20 லிட்டர் வாளி, 0.3 மி.மீ. கண்ணுள்ள நைலான் துணி, 1 மி.மீ. கண்ணுள்ள சல்லடை இருந்தால் தொடங்கிவிடலாம். வாளியில் மூன்றில் இரண்டு பங்கு நீர் நிரப்புங்கள். மண்ணைத்தான் நீரில் போட வேண்டும், நீரை மண் மேல் ஊற்றக் கூடாது. ஊற்றினால் அடியில் சேறாக இறுகி விதையைப் பிடித்து வைத்துக்கொள்ளும். ஒரு தடவைக்கு ஒன்றிரண்டு லிட்டர் மண்ணை மெல்லத் தூவி, கட்டிகளைக் கையால் தடவிக் கரையுங்கள். நசுக்க வேண்டாம். கலக்கிவிட்டு ஐந்து முதல் பத்து நொடி பொறுத்து, மேல்நீரைச் சாய்த்துத் துணியில் வடியுங்கள். அதற்கு மேல் காத்திருந்தால் கரி நீரை உறிஞ்சி மூழ்கத் தொடங்கும். மறுபடி நீர் ஊற்றி, கலக்கி, வடித்து, இனி எதுவும் மிதந்து வரவில்லை என்ற நிலை வரும்வரை செய்யுங்கள். வழக்கமாக நான்கைந்து தடவை ஆகும். துணியில் நிற்பது மிதவை. அடியில் கிடப்பதை 1 மி.மீ. சல்லடையில் கழுவினால் கிடைப்பது அடிக்கசடு.

நாளுக்கு ஐந்தாறு மாதிரிக்கு மேல் வருமென்றால் பீப்பாய் முறைக்கு மாறுவது நல்லது. கென்டக்கியின் கிரீன் ஆற்றுச் சிப்பி மேடுகளில் வேலை செய்த தொல்லியலாளர் பாட்டி ஜோ வாட்சன் (Patty Jo Watson) குழுவினர் 1970களில் பரப்பிய வடிவம் இன்றும் அதிகம் பயன்படுகிறது. 55 கேலன், அதாவது ஏறத்தாழ 208 லிட்டர் இரும்புப் பீப்பாய். உள்ளே நடுவாக்கில், மேல்நோக்கிப் பீய்ச்சும்படி ஒரு குளியல் பூவாளி. அதற்கு மேல், அடியில் 0.5 மி.மீ. வலை கட்டிய உள்வாளி. வாளியின் வாயில் ஒரு மூக்கு; அதன் வழியே வழியும் நீர் நைலான் துணிக்குள் விழும். பீப்பாயின் அடியில் சேறு திறந்துவிட 5 செ.மீ.க்குக் குறையாத குழாய். அதற்குச் சிறியதென்றால் முதல் நாளே அடைத்துக்கொள்ளும். 10 லிட்டர் மாதிரிக்குக் கால் மணி முதல் இருபது நிமிடம் ஆகும்.

நீரின் வேகத்தில் கவனம் தேவை. குமிழிகள் மெல்லக் கொதிப்பது போலிருந்தால் சரி. பொங்கித் தெறித்தால் நுண்மணலும் மூக்கு வழியே ஏறி மிதவையைக் குப்பையாக்கும். மந்தமாக இருந்தால் கனத்த ஹிக்கரி (கெட்டி ஓட்டுக் காட்டுக்கொட்டை வகை) ஓடு மேலே வராது.

குன்றடி வண்டல் நீரில் தானாகவே நெகிழும். ஆற்றோரத் தாழ்நிலக் களிமண் அப்படியல்ல, உருண்டை உருண்டையாக நிற்கும். 10 லிட்டர் நீருக்கு ஒரு கைப்பிடி சமையல் சோடா கரைத்து அரை மணி ஊறவிட்டால் களி விட்டுக்கொடுக்கும். ஆனால் சோடாவிலும் கார்பன் இருக்கிறது. கார்பன் காலக்கணிப்புக்கென்று நினைக்கும் கரிந்த ஓட்டையும் விதையையும் ஊறவைப்பதற்கு முன்பே தனியே எடுத்துவிடுங்கள். ஆய்வகம் அமிலத்தால் கழுவத்தான் போகிறது, இருந்தாலும் தேவையில்லாத சந்தேகம் எதற்கு?

கரிந்த விதை மழையில் நனைந்து, வெயிலில் காய்ந்து, மறுபடி நனைந்தால் தூளாகும். காரணம் எளிது. பஞ்சு போன்ற அதன் துளைகளுக்குள் நீர் சடக்கென்று புகும்போது அடைபட்ட காற்று உள்ளிருந்து தள்ளும், சுவர் வெடிக்கும். மண்ணைத் தோண்டிய ஈரத்தோடே அன்றோ மறுநாளோ அரித்துவிடுவது நல்லது. முடியாவிட்டால் நிழலில் மெல்லக் காயவிட்டு, அரிக்கும் நாள்வரை நனையாமல் வையுங்கள்.

இனி, உங்கள் அரிப்பு ஒழுங்காக நடக்கிறதா என்று எப்படித் தெரிந்துகொள்வது? கசகசா. அமெரிக்க மண்ணின் பூர்வ தாவரமல்லாததால் தொல்விதையோடு குழம்பாது, அளவிலோ நாம் தேடும் விதைகளை விடவும் சிறியது. மூடியுள்ள தகர டப்பாவில் மணலுக்குள் புதைத்துச் சூட்டில் கருக்கி எடுங்கள். சரியாக 100 எண்ணி, பத்து மாதிரிக்கு ஒன்றில் அரிப்பதற்கு முன் கலந்துவிடுங்கள். கடைசியில் மிதவையிலும் கசடிலும் எத்தனை திரும்பியது என்று எண்ணுங்கள். 90-க்கு மேல் வந்தால் நிம்மதியாகத் தொடரலாம். 60 என்றால் வேலையை நிறுத்தி, வலை எங்கே கிழிந்திருக்கிறது, மூக்கில் எங்கே இடுக்கு இருக்கிறது என்று பாருங்கள். அடுத்த மாதிரியில் போடாத கசகசா தலைகாட்டினால் பாத்திரம் சரியாகக் கழுவப்படவில்லை என்று பொருள். கசகசா ஒரு மாதிரியிலிருந்து இன்னொன்றுக்குத் தாவியிருந்தால், ஐயாயிரம் ஆண்டு விதையும் அப்படித் தாவியிருக்கும். இந்தச் சோதனையைச் செய்யாத களத்தின் விதைக் கணக்கை முழுதாக நம்பிவிட முடியாது.

உலர்த்தல்

துணியின் நான்கு முனையையும் சேர்த்துக் கட்டி, சீட்டோடு நிழலில் கொடியில் தொங்கவிடுங்கள். வெயில் ஆகாது, வெளிப்புறம் சுருங்கி உள்புறம் ஈரமாக இருந்தால் விதை பிளக்கும். இரண்டு மூன்று நாள் ஆகும். ஈரத்தோடு பிளாஸ்டிக்கில் அடைத்தால் ஒரே வாரத்தில் பூஞ்சை.

பிரித்தெடுத்தல்

உலர்ந்த மிதவையின் எடையைக் குறித்துக்கொண்டு 2, 1, 0.5 மி.மீ. சல்லடைகளை அடுக்கிச் சலியுங்கள். 2 மி.மீ.க்கு மேல் நிற்பதை முழுவதும் பிரியுங்கள்: மரக்கரி தனி, கொட்டை ஓடு தனி, விதை தனி. அதற்குக் கீழே விதையை மட்டும் பொறுக்கினால் போதும். பத்து மடங்கு முதல் நாற்பது மடங்கு பெரிதாக்கும் நுண்ணோக்கி, ஈரமான மெல்லிய தூரிகை, மென்மையான இடுக்கி இவை வேண்டும். இரும்பு இடுக்கியால் அழுத்தினால் கரிந்த விதை உதிர்ந்துவிடும்.

கருகாத விதைகள் எத்தனை அழகாக இருந்தாலும் இன்றையவை என்றே வையுங்கள். ஈரமான இந்த மண்ணில் கருகாத விதை ஆயிரக்கணக்கான ஆண்டு நிலைக்காது. வேரும் எறும்பும் மண்புழுவும் அவற்றைக் கீழே கொண்டு போகின்றன. புதிய வேர்களும் பூச்சி உறைகளும் எவ்வளவு இருந்தன என்று ஒரு குறிப்பு எழுதிவையுங்கள். அது நிறைய இருந்த மாதிரியில் கரிந்த விதையும் மேலிருந்து இறங்கியிருக்க வாய்ப்பு கூடுதல்.

அடிக்கசடை அலட்சியம் செய்யாதீர்கள். மீன் முள், செதில், சிப்பித் துண்டு, கல்லாயுதம் தட்டிய நுண்சில்லு எல்லாம் அதில்தான். வெள்ளம் வடிந்தபின் ஆற்றோர ஏரிகளில் மாட்டிக்கொண்ட மீன்கள் இந்த மக்களுக்கு எவ்வளவு பெரிய உணவு என்பது சல்லடையில் நின்ற எலும்பால் தெரியவரவில்லை, கசடில் கிடந்த முள்ளால் தெரியவந்தது. சுண்ணாம்புள்ள சிப்பி நிறைய உள்ள குழியில் எலும்பு நன்றாக நிலைத்திருக்கும், அமிலத் தன்மையுள்ள குழியில் கரைந்திருக்கும். எலும்பில்லாத குழியைக் கண்டு மீன் தின்னவில்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது.

விதையைப் படித்தல்

முதலில் கைக்கு வருவது பெரும்பாலும் ஹிக்கரிக் கொட்டை ஓடுதான். தடித்தது, உடைந்த முகம் வழுவழுப்பாக இருக்கும். கருவாதுமை (கறுப்பு வால்நட்) ஓட்டில் மேடு பள்ள வரிகள் தெரியும். ஓக் கொட்டையின் ஓடு நகம் போல மெலிந்து வளைந்திருக்கும், தொட்டால் நொறுங்கும். எடையை மட்டும் வைத்து 'ஹிக்கரி 95 பங்கு, ஓக் 5 பங்கு' என்று உணவுக்கணக்குப் போடுவது பெரிய பிழை. ஹிக்கரியை ஓட்டோடு இடித்து நீரில் கொதிக்கவைத்தால் எண்ணெயும் பருப்பும் மேலே வரும், ஓடு அடியில் தங்கும். அந்த ஓடு நல்ல விறகு. எனவே அது அடுப்புக்குப் போய்க் கரியாகி நம் கைக்கு வருகிறது. ஓக் கொட்டையில் ஓடும் குறைவு, அது கரியாகிப் பிழைப்பதும் குறைவு. எண்ணிக்கைக்குப் பின்னால் சமையல் முறை இருக்கிறது என்பதை மறக்காதீர்கள்.

அடுத்து, பயிரா காடா என்ற கேள்வி. சக்கரவர்த்திக் கீரை இனத்தில் இது விதைத்தோலில் தெரியும். ஒரு விதையை நாற்பது மடங்கில் பக்கவாட்டில் நிறுத்திப் பாருங்கள். காட்டு விதை இரண்டு தட்டுகளைக் கவிழ்த்து ஒட்டியது போல விளிம்பில் கூர்ந்து, தடித்த கருந்தோலோடு இருக்கும். பயிர் விதையின் விளிம்பு வெட்டி மட்டப்படுத்தியது போலிருக்கும், தோல் சல்லாத்துணி மாதிரி மெலிந்திருக்கும். மின்னணு நுண்ணோக்கியில் அளந்தால் காட்டுத் தோல் 40 முதல் 60 மைக்ரான், பயிர்த் தோல் 20-க்கும் கீழே. ஏன் மெலிந்தது? தடித்த தோல் விதையை உறங்க வைக்கும். ஒரே நேரத்தில் விதைத்த பாத்தியில் முந்தி முளைத்த நாற்று வெயிலைப் பிடித்துக்கொள்கிறது, உறங்கியது நிழலில் மாய்கிறது. தலைமுறை தலைமுறையாக மெல்லிய தோல் வென்றது. யாரும் திட்டமிட்டுத் தேர்ந்தெடுக்காமலே நடந்த மாற்றம் இது.

சூரியகாந்தியிலும் மார்ஷ் எல்டரிலும் அளவுதான் சாட்சி. காட்டுச் சூரியகாந்தி விதை 5 மி.மீ. அளவில் நிற்கும், பயிரானது 7-ஐத் தாண்டும். காட்டு மார்ஷ் எல்டர் ஏறத்தாழ 3 மி.மீ.; இல்லினாய்ப் பள்ளத்தாக்கின் நெப்போலியன் ஹாலோ களத்தில் சுமார் 4,400 ஆண்டுக்கு முந்தையவை 4 மி.மீ.ஐத் தாண்டியிருந்தன. கருகும்போது விதை சுருங்கும், ஆகவே அளந்ததை அப்படியே இன்றைய விதையோடு ஒப்பிடாதீர்கள். இன்றைய விதையைக் கருக்கி எவ்வளவு சுருங்கியது என்று பார்த்து, அந்த விகிதத்தால் திருத்துங்கள். ஒரே ஒரு பெரிய விதையை வைத்தும் பயிர் என்று சொல்ல வேண்டாம். காட்டுச் செடியிலும் செழித்த நிலத்தில் பெரிய விதை வரும். குறைந்தது முப்பதை அளந்து சராசரியும் வீச்சும் கொடுங்கள்.

காலம் கணித்தல்

கார்பன்-14 காலக்கணிப்புக்கு மரக்கரியை அனுப்பாதீர்கள். இருநூறு வயது ஓக் மரத்தின் நடுத்தண்டை எரித்திருந்தால், அடுப்பு எரிந்த நாளைவிட இருநூறு ஆண்டு முந்திய எண் வரும். ஓராண்டில் விளைந்த விதையோ கொட்டை ஓடோதான் நல்லது. கார்பன்-14 அணுக்களை நேரடியாக எண்ணும் முடுக்கி நிறை நிறமாலை (AMS) முறைக்குச் சில மில்லிகிராம் போதும். 20 மில்லிகிராம் ஹிக்கரி ஓட்டுத்துண்டு ஒன்று தாராளம். சிறு விதைகள் பலவற்றைச் சேர்த்து அனுப்பினால் பல காலங்களின் சராசரி வந்து நிற்கும், எந்தக் காலத்துக்கும் அது உண்மையாகாது.

கேள்வி எந்தப் பொருளைப் பற்றியதோ அந்தப் பொருளையே அளக்க வேண்டும். கோஸ்டரின் 11-ஆம் அடுக்கில் கவனமாகப் புதைக்கப்பட்ட நாய்களை நெடுங்காலம் 8,500 ஆண்டுப் பழமை என்று சொல்லிவந்தார்கள். நாய் எலும்புகளையே நேரடியாக அளந்து 2019-ல் வெளியிட்ட முடிவு, ஏறத்தாழ 10,000 ஆண்டு. அமெரிக்கக் கண்டங்களில் அறியப்பட்ட மிகப் பழைய நாய்களில் அவை சேர்ந்தன. ஆழமான அடுக்கில் மக்காச்சோளம் வந்தாலும் இதே விதிதான்: அந்த மணியையே அளக்காமல் பழமை பேசக் கூடாது.

ஆய்வக எண்ணில் 'இற்றைக்கு முன்' என்றிருந்தால் அந்த 'இன்று' 1950. அதுவும் கார்பன் ஆண்டு. நாட்காட்டி ஆண்டாக மாற்ற இன்ட்கால்20 வளைவைப் பயன்படுத்தி, எது மாற்றியது எது மாற்றாதது என்று ஒவ்வொரு எண்ணோடும் எழுதுங்கள். பழைய அறிக்கைகளில் இரண்டும் கலந்து கிடக்கும். ஆற்று மீனும் சிப்பியும் தின்றவரின் எலும்பு உண்மையைவிட மூத்ததாகக் காட்டலாம். சுண்ணாம்புப் பாறையில் கரைந்த பழைய கார்பன் நீர் வழியாக அவர் உடலில் ஏறியிருக்கும்.

அனுப்பும் விதையைக் கையால் தொடாமல், பஞ்சில் வைக்காமல், அலுமினியத் தாளில் மடித்துக் கண்ணாடிக் குப்பியில் போடுங்கள். பஞ்சும் பசையும் புதிய கார்பன். அளவீட்டில் விதை எரிந்து போய்விடும் என்பதால் அதற்கு முன்பே மூன்று பக்கமும் படமெடுத்து, நீளம் அகலம் தடிமன் எழுதிவைக்க வேண்டும். ஒவ்வொரு சூழலிலிருந்தும் ஒரு லிட்டர் மண்ணை அரிக்காமல், கழுவாமல், சீட்டு ஒட்டி எடுத்து வையுங்கள். மாவுச்சத்துத் துகளும் தாவரச் சிலிகாவும் தேடுபவருக்கு அந்த ஒரு லிட்டர்தான் வேண்டியிருக்கும்.